நைனாவின் உள்ளங்கையில் ஓடிய அரணை

ஈரச் சருகுக்கு அடியில் பாம்பு போனால் சத்தம் நீளமாக வரும், ஓணான் ஓடினால் படபடவென்று வரும், அரணை ஓடினால் ஒரு நொடி கேட்டு நின்றுவிடும்; எங்கே நின்றது என்று தேடுகிறபோது, தேடும் இடத்திலிருந்து ஒரு முழம் தள்ளி, மட்கிய இலையின் வாசனைக்கு நடுவே அதன் செம்பு நிறத் தலை மெல்ல எழும். இந்த மூன்று சத்தங்களையும் கண்ணை மூடிக்கொண்டே பிரித்துச் சொல்ல ஒன்பது வயதில் எனக்குத் தெரிந்திருந்தது. அது 1960-ஆம் ஆண்டின் தொடக்கம்.

எங்கள் ஊர் சத்தியவேட்டுப் பக்கத்து மலையடியில் இருக்கிறது. 1953 அக்டோபர் முதல் தேதி ஆந்திர மாநிலம் பிறந்தபோது நாங்கள் சென்னை மாநிலத்துச் செங்கல்பட்டு மாவட்டத்தில்தான் இருந்தோம். எல்லைப் பேச்சு முடிந்து, 1960 ஏப்ரல் முதல் தேதி திருத்தணி சென்னை மாநிலத்துக்குப் போக, நாங்கள் ஆந்திரத்தின் சித்தூர் மாவட்டத்துக்கு வந்தோம். மற்ற ஊர்களில் மொழியைப் பற்றியும் பள்ளிக்கூடத்தைப் பற்றியும் பேசியிருக்கலாம். எங்கள் ஊரில் அந்த மாசியிலும் பங்குனியிலும் பேச்செல்லாம் சருகைப் பற்றித்தான்.

மலைப் பிளவை நாங்கள் ‘கோனை’ என்போம். இலையுதிர் காலம் வந்ததும் ஊரார் கோனைக்குள் போய்ச் சருகு வாரி வண்டியில் ஏற்றி, சாணத்தோடு மட்கவைத்து வயலுக்குப் போடுவார்கள். ஒரே ஓர் இடத்தில் மட்டும் வாருவதில்லை. ஊற்றோரம் ஏழு கல் நட்ட ‘கன்னிமார்’ கோயில் இருந்தது. அதைச் சுற்றியுள்ள மரங்களின் இலை அங்கேயே விழுந்து அங்கேயே மட்க வேண்டும், விளக்குமாறு படக்கூடாது, வெளியே வரும்போது தலையில் ஒட்டிய இலையைக்கூட உதறிவிட்டுத்தான் வரவேண்டும் என்பது கட்டுப்பாடு. அதனால் அங்கே சருகு மெத்தை போலக் கிடந்தது. மேலே காய்ந்திருந்தாலும் கையை விட்டால் அடியில் கோடையிலும் குளிர்ச்சி இருக்கும்.

அந்தக் குளிர்ச்சியில்தான் என் அரணைகள் வாழ்ந்தன. வீட்டு வேலியோரம் திரியும் பருத்த அரணைகள் அல்ல. என் சுண்டுவிரலைவிடச் சற்றே நீளமான, விலாவில் கருங்கோடு ஓடிய, குட்டியாக இருக்கும்போது வால் சிவந்திருந்த காட்டு அரணைகள். மரம் ஏறத் தெரியாது, வெட்டவெளி ஆகாது. கரையானும் சிலந்தியும் தின்று, இலைகளின் இடுக்கில் விழும் கையகல வெயிலில் உடம்பைக் காயவைத்து, ஆள் நிழல் பட்டதும் தண்ணீருக்குள் மீன் போலச் சருகுக்குள் பாயும். பிடித்தால் வாலைக் கழற்றிக் கொடுத்துவிட்டு ஓடும். பிறகு முளைக்கும் வால் மங்கிய நிறத்தில் இருக்கும். அந்த அடையாளத்தை வைத்தே சிலவற்றை எனக்குத் தனித்தனியாகத் தெரியும். சருகை எடுத்துவிட்டால் அவற்றுக்கு வேறு வீடு கிடையாது என்பதைப் பின்னாளில் புத்தகங்களில் படித்தேன். அப்போதே எனக்கு அது பாதி தெரியும்.

ஊருக்கோ அரணை என்றால் எமன். “அரணை நக்கினா மரணம்” என்பதைக் கேட்காத குழந்தை கிடையாது. அதனால் இந்த ரகசியத்தை என் அப்பா, நைனா ஒருவரிடம் மட்டும் சொன்னேன். கோனைக்கு அழைத்துப் போய், உளுத்த கட்டைக்கு அடியில் பட்டாணி அளவில் வெள்ளையாக ஒட்டிக் கிடந்த இரண்டு முட்டைகளையும் காட்டினேன். பக்கத்திலிருந்த அரணையை மெல்லப் பிடித்து அவர் உள்ளங்கையில் விட்டேன். அது விரல் வரை ஓடி, நின்று, நாக்கை நீட்டி அவர் தோலைத் தொட்டுப் பார்த்தது.

“நக்கினா செத்துடுவாங்களாமே நைனா?”

“எவன் சொன்னான்? நான் செத்துட்டனா?” என்று சிரித்தார். “நீ இன்னாத்துக்கு பயப்படறே? இது கன்னிமார் எடம். இங்க எவனும் கை வைக்க மாட்டான். நான் கீறேன் இல்ல?”

அந்தக் கடைசி வாக்கியத்தை நம்பித்தான் அன்றிரவு நிம்மதியாகத் தூங்கினேன்.

பங்குனியில் சத்தியவேட்டுச் சந்தையிலிருந்து ஒரு வதந்தி வந்தது. ஏப்ரல் முதல் தேதி எல்லை மாறினால் காடு மூடப்படும், சருகு வார இனி சித்தூரில் போய்க் கேட்க வேண்டும் என்றார்கள். “அவன் தெலுங்குல ‘வத்து’ன்னு ஒரே வார்த்தையில வேணாம்னுட்டா, நாம இன்னா பேசறது?” என்று நைனாவே கவலைப்பட்டார். ஊரே வண்டி பூட்டிக்கொண்டு, அடுத்த ஆண்டுக்கும் சேர்த்துக் கோனையை வழித்தது. கடைசியில் கன்னிமார் மரங்களின் அடி மட்டும் மிஞ்சியது. எல்லார் கண்ணும் அதன்மேல் இருந்தது; கேட்கத்தான் யாருக்கும் வாய் வரவில்லை.

கேட்டவர் என் நைனா. பூசாரி வீட்டு வாசலில் ஊரார் கூடியிருந்தபோது, பெண்கள் பக்கம் அம்மாவோடு நானும் நின்றிருந்தேன்.

“சாமி, கன்னிமார் எடத்துல அரணை மொய்ச்சிக்கினு கீது. பொங்க வைக்க வர்ற பொம்பளைங்க காலை நக்கினா யாரு பதில் சொல்றது?” என்றார் நைனா.

“சருகு மேல கை வைக்கறது குத்தம்பா,” என்றார் பூசாரி.

“சருகையா வாரப் போறோம்? வெஷத்தை வாரப் போறோம்.”

“நீ பாத்தியா?”

“எம் பொண்ணே பாத்துச்சு. முட்டையோட கீதாம்.”

அம்மா கையை உதறிவிட்டு முன்னால் போய், “அதுக்கு வெஷம் இல்ல! நைனா கையிலயே ஓடிச்சு, நாக்கால நக்கிச்சு!” என்று கத்தினேன்.

எல்லாரும் நைனாவைப் பார்த்தார்கள். அவர் என்னைப் பார்த்தார். உண்மையைச் சொல்ல ஒரு தலையசைப்புப் போதும். அவர் சிரித்தார்.

“ஓணானைப் பாத்துட்டு வந்து அரணைன்னுது. அரணை நக்கியிருந்தா நான் இங்க நின்னு பேசிக்கினு இருப்பனா?”

“ஏம்மே, அப்போ இங்க நிக்கிறது உங்க நைனாவா, அவரு பேயா?” என்று ஒருவர் கேட்க, வாசல் முழுவதும் சிரித்தது. ஓணானைத்தான் பார்த்தேன் என்றால் அரணை மொய்க்கிறது என்பது எப்படி உண்மையாகும் என்று ஒருவரும் கேட்கவில்லை. பூசாரியும் கேட்கவில்லை, அவருக்கும் இரண்டு வண்டி சருகு தேவைப்பட்டது.

மறுநாள் நான் போய்ச் சேர்ந்தபோது பாதி வேலை முடிந்திருந்தது. ஏழு கற்களைச் சுற்றி வெறும் மண் தெரிந்தது. கழிகளால் அடித்தார்கள், அரணைகள் செத்த பிறகும் கழன்ற வால்கள் தரையில் துடித்தன. “பாரு, செத்தும் வெஷம் அடங்கல,” என்று அதையே சாட்சியாகக் காட்டினார்கள். உளுத்த கட்டையைப் புரட்டிப் போட்டிருந்தார்கள். முட்டைகளில் ஒன்று வெயிலில் சுருங்கியிருந்தது. மற்றதை எறும்பு மொய்த்திருந்தது. நைனா வண்டிமேல் நின்று சருகை மிதித்து அமுக்கிக்கொண்டிருந்தார். கீழே பார்க்கவில்லை.

வீட்டில் நான் சாப்பிடாமல் கிடந்தபோது, “நாத்துக்கு எரு வேணாவா? அப்பறம் எதைத் துன்றது, உன் அரணையையா?” என்று மட்டும் கேட்டார். எரு வேண்டும் என்பது எனக்கும் தெரியும். அதற்காக என் ரகசியத்தை எடுத்துக்கொண்டு என்னைப் பொய்க்காரி ஆக்க வேண்டுமா என்று கேட்க அப்போது எனக்கு வார்த்தை இல்லை.

ஏப்ரல் முதல் தேதி வந்தது. காட்டை யாரும் மூடவில்லை. அடுத்த ஆண்டும் அதற்கடுத்த ஆண்டும் வழக்கம்போல வாரினார்கள். ஒருமுறை உடைந்த கட்டுப்பாடு என்பதால் கன்னிமார் இடத்திலும் வாரினார்கள். நான் ஒவ்வோர் ஆண்டும் போய்க் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்த ஒரு நொடிச் சத்தம் கேட்கவே இல்லை.

பல ஆண்டுகள் கழித்து, நான் மணமாகிச் சித்தூரில் குடியிருந்தபோது, நைனா வந்திருந்த ஒருநாள் விருந்தாளிகளிடம் பெருமையாகச் சொன்னார்: “எம் பொண்ணு சின்ன வயசுலயே அரணையைக் கையில புடிச்சவ. எங்கையிலயும் உட்டா. நக்கிச்சு. இன்னா ஆச்சு? வெஷமெல்லாம் சும்மா கதை.” எல்லாரும் என்னை வியந்து பார்த்தார்கள். நான் காப்பி ஆற்றிக்கொண்டிருந்தேன். அவருக்கு அந்த உண்மை எப்போதும் கையிலேயே இருந்திருக்கிறது; எடுத்து நீட்டினால் நஷ்டமில்லாத நாளுக்காகக் காத்திருந்திருக்கிறார். அவர் இறக்கும்வரை இதை நான் கேட்கவில்லை.

2022 ஏப்ரலில் எங்கள் பகுதி திருப்பதி மாவட்டமானது. கன்னிமார் கற்களைச் சுற்றி இப்போது சிமெண்டுத் தரை, மேலே தகரக் கூரை, காலையும் மாலையும் பெருக்க ஆள். ஊற்று வற்றி, தண்ணீருக்குக் குழாய் போட்டிருக்கிறார்கள். சுவரில் பல்லி மட்டும் இருக்கிறது.

ஆனால் சென்ற மழைக்காலத்தில், மலையின் வேறொரு மடிப்பில், யாரும் வாராத சருகில் அந்தச் சத்தத்தைக் கேட்டேன். தேடிய இடத்திலிருந்து ஒரு முழம் தள்ளிச் செம்பு நிறத் தலை ஒன்று எழுந்தது. தேதியைக் குறித்து வைத்திருக்கிறேன். எந்த இடம் என்று குறிக்கவில்லை. இதைப் படிப்பவர்களுக்கும் சொல்லப்போவதில்லை.