தபால்காரனின் கலியாணத்துக்கு வந்த சனம்

லண்டன் மோர்டனில் எங்கள் வீட்டுக்குக் கீழ்த்தளத்தில் ஒரு பிரெஞ்சுக் கிழவர் தனியாக இருந்தார். யுத்தத்தின்போது, பாரிஸ் ஜெர்மன்காரரின் பிடியில் இருந்த காலத்தில், படம் தயாரித்தவராம். நான் பெரிதாக நம்பவில்லை. லண்டனுக்கு வந்தபின் ஊரில் பெரிய ஆளாக இருந்திராதவர் யார்? பெற்றோல் நிலையத்தில் என்னோடு ஷிப்ட் செய்தவர்களில் பாதிப்பேர் ஊரில் பள்ளிக்கூட அதிபர்கள், மீதிப்பேர் வங்கி முகாமையாளர்கள்.

எண்பதுகளின் கடைசியில் ஒரு ஞாயிறு மத்தியானம் கையில் வீடியோ கசற்றோடு மேலே ஏறி வந்தார். அவருடைய படத்தைப் பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் போட்டார்களாம். மருமகள் பதிவுசெய்து அனுப்பியிருந்தாள். அவரிடம் டெக் இல்லை. எங்களிடம் இருந்தது.

"இந்தப் படத்தோடு என் தொழில் முடிந்தது. ஒரு இடத்தில் எல்லோரும் சிரிப்பார்கள். சிரிக்காத மனிதர்களோடு இதை ஒருமுறை பார்த்துவிட வேண்டும்" என்றார் ஆங்கிலத்தில்.

என் மனைவியோ செத்த வீட்டிலேயே சிரிப்பை அடக்க முடியாதவள்.

"இஞ்சாரும், சிரிச்சுப்போடாதையும்" என்று குசினிக்குள் போய்க் கெஞ்சினேன்.

"எனக்கென்ன விசரே?" என்றாள்.

படம் ஓர் ஏழைத் தபால்காரனின் காதல் கதை. அரைவாசி வரை ஆமை வேகம். பிறகு கலியாணம். சின்னத் தேவாலயத்தின் கதவு திறந்தது. சனம் வந்தது, வந்தது, வந்துகொண்டே இருந்தது. முந்நூறு பேராவது இருக்கும். முக்கால்வாசி இளந்தாரிகள், அளவு பொருந்தாத கோட்டுகளில். கிழவர் கதிரையின் கையை இறுக்கிப் பிடித்தார். எனக்கே சிரிப்பு முட்டியது. பயந்து பயந்து மனைவியைப் பார்த்தேன். அவள் முன்னுக்குச் சாய்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தபால்காரன் எண்டா எல்லா வீட்டையும் போறவனெல்லே. இவ்வளவு சனமும் வரத்தானே வேணும்" என்றாள். "எல்லாருக்கும் சாப்பாடு போட்டவையோ எண்டு ஐயாட்டைக் கேளுங்கோ."

கேட்டேன். கிழவர் கதிரையின் கையை விட்டுவிட்டு அவள் பக்கம் திரும்பினார்.

"போட்டோம். அதற்காகத்தான் அந்தக் கலியாணமே" என்றார்.

அப்போது ஜெர்மன்காரர் இளைஞர்களைப் பிடித்துத் தங்கள் தொழிற்சாலைகளுக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். படத்தில் வேலை என்று கடதாசி இருந்தால் கொஞ்சக் காலம் தப்பலாம். அதனால் காட்சிக்குக் காட்சி கூட்டம் சேர்த்தாராம். கலியாணத்தை மட்டும் வாரக்கணக்கில் எடுத்தாராம். மேசையில் இருந்தது மெய்யான சூப்.

"இதைப் பிறகாவது சொல்லியிருக்கலாமே?" என்றேன்.

"படத்தைப் பார்த்துத்தானே சிரித்தார்கள்? படம் மோசம்தான்" என்று தோளைக் குலுக்கினார்.

நான் தமிழில் சொல்லி முடிக்குமுன்பே மனைவிக்குக் கண் கலங்கிவிட்டது. ஊரில் அவளுடைய தம்பியை, யாராவது பிடித்துக்கொண்டு போய்விடுவார்கள் என்று பயந்து, வெளியே விடாமல் பொத்திப் பொத்தி வைத்திருந்த காலம் அது. அவளுக்கு விளக்கம் தேவைப்படவில்லை.

"கலியாணத்தைத் திருப்பிப் போடுங்கோ. ஆறுதலாப் பாப்பம்."

திருப்பிப் போட்டேன். கிழவர் எழுந்து தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் போய்க் குந்தினார். நான் படத்தை நிறுத்தி நிறுத்தி ஓடவிட்டேன். அவர் முகம் முகமாகத் தொட்டு, "இவன் தப்பினான். இவனும்" என்று சொல்லிக்கொண்டே போனார். அவ்வளவு சந்தோஷமாக அவரை நான் கண்டதில்லை. ஒரு முகத்தில் மட்டும் விரல் பேசாமல் நின்றது. பிறகு பக்கத்து முகத்துக்கு நகர்ந்தது.

"இவனும் தப்பினான்" என்றார்.