கழுத்தில் கயிறோடு நின்ற வேட்பாளன்

ஓரின் டாக்கெட் எங்கள் நெவாடாச் சிற்றூரின் துணை ஷெரீப், என் சிநேகிதன். குடிகாரர்களை வீட்டில் கொண்டுபோய் விடுவான், தொலைந்த மாட்டைத் தேடித் தருவான். பொய் சொல்லத் தெரியாது. ஆனால் முகம்! குதிரை உதைத்துக் கோணிப்போன மூக்கு, எப்போதும் பாதி மூடிய ஒரு கண். எதிரே வருகிறவர்கள் தங்கள் பையைத் தடவிப் பார்த்துக்கொள்வார்கள். கிழட்டு ஷெரீப் ஓய்வு பெறுகிறார் என்றதும் அந்தக் காவல் தலைமைப் பதவிக்குத் தேர்தலில் நின்றான். வாழ்க்கையில் அவன் ஆசைப்பட்டது அது ஒன்றுதான்.

அந்த 1936 கோடையில் லாஸ் ஏஞ்சல்ஸிலிருந்து ஒரு சினிமாக் கம்பெனி வந்திறங்கியது. கையில் காசில்லாத கம்பெனி. ஒரே கள்ளிச்செடியைப் பிடுங்கிப் பிடுங்கி வெவ்வேறு பாலைவனத்தில் நட்டார்கள். நடிகர்களில் பாதிப்பேர் எங்கள் ஊர்க்காரர்கள். ஓரினைப் பார்த்ததும் இயக்குநர் துள்ளினார்.

"ஐயா, இந்த மூஞ்சிக்கு மேக்கப்பே வேணாம்! கொள்ளைக்காரன்னு ஊரே சந்தேகப்படுற ஆளு நீங்கதான்."

"நான் நெஜமாவே துணை ஷெரீப்ங்க. ஷெரீப் வேஷம் குடுத்தா..."

"அதுக்கு ஆள் கெடச்சாச்சு. கவலப்படாதீங்க, கடைசியில நீங்க நிரபராதின்னு தெரிஞ்சு ஜனமே அழுவும்."

கிடைத்த ஆள் லெமுவெல் ப்ரூயிட், சவப்பெட்டிக் கடைக்காரர். துப்பாக்கி வெடித்தால் காதைப் பொத்திக்கொள்வார். ஆனால் சொந்தமாக வெள்ளைத் தொப்பியும் குதிரையும் வைத்திருந்தார். கம்பெனிக்கு வாடகை மிச்சம். தேர்தலில் ஓரினை எதிர்த்து நின்றவரும் அவரேதான். கடைசிக் காட்சிக்கு மட்டும் இருவரையும் லாஸ் ஏஞ்சல்ஸுக்குக் கூட்டிப்போனார்கள். அதனால் ஊரில் வேறு யாருக்கும் முடிவு தெரியாது.

தேர்தலுக்கு முந்தைய சனிக்கிழமை எங்கள் ஊர்த் தியேட்டருக்குப் படம் வந்தது. நான்தான் டிக்கெட் கிழித்தேன். ப்ரூயிட் விரட்டுகிறார், ஓரின் திருதிருவென்று முழிக்கிறான், சிக்குகிறான். மரத்தடியில் கழுத்தில் கயிறு ஏறுகிறது. தூரத்தில் குளம்புச் சத்தம். அடுத்த நொடி, நீச்சலுடைப் பெண்கள் வரிசையாகக் குளத்தில் குதித்தார்கள். கடைசி பிலிம் சுருளுக்குப் பதில் வேறு படத்தின் சுருளை அனுப்பித் தொலைத்திருந்தார்கள்.

ஓரின் மேடைக்கு ஓடினான். "நான் குத்தவாளி இல்ல! பேங்க் மேனேஜர்தான் திருடன்! கடைசியில வரும்!"

"மாட்டிக்கிட்டவன் எல்லாம் இதத்தான் சொல்றான்" என்றாள் ரொட்டிக்கடை ஹெட்டி.

"ஹெட்டி, போன வாரம் உன் கழுதையக் கண்டுபிடிச்சுக் குடுத்தது யாரு?"

"அது எங்க இருக்குன்னு உனக்கு மட்டும் எப்படித் தெரிஞ்சுச்சு?"

"அதானே!" என்றது கூட்டம். உண்மை தெரிந்த ப்ரூயிட் தன் தொப்பியைத் துடைத்துக்கொண்டிருந்தார். இந்த ஜனங்களுக்கு ஓட்டுரிமை கொடுத்தவனை முதலில் உள்ளே போட வேண்டும் என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

செவ்வாய்க்கிழமை ப்ரூயிட் ஜெயித்தார். "நீயாவது எனக்கு ஓட்டுப் போட்டியா?" என்று மனைவி யூலாவிடம் கேட்டிருக்கிறான் ஓரின்.

"போடணும்னுதான் போனேன். அந்தக் கயிறு கண்ணுல வந்து நின்னுடுச்சு" என்றாளாம். இதை என்னிடம் சொல்லும்போது அழுதுவிட்டான்.

சரியான சுருள் குளிர்காலத்தில் வந்து சேர்ந்தது. மறுபடியும் அரங்கு நிறைந்தது. வங்கி மேலாளர் பிடிபட்டார், கயிறு அவிழ்ந்தது, ஓரினின் முகம் திரை முழுக்க வந்தது. கைதட்டல் ஓயவில்லை. ஷெரீப் ப்ரூயிட்கூடக் கைக்குட்டையை எடுத்தார்.

"பாவம்யா அந்த மனுஷன், அநியாயமா சந்தேகப்பட்டுட்டோமே" என்று ஹெட்டி விசும்பினாள்.

அவளுக்கு முன்வரிசையில் இருந்த ஓரின் மெல்ல எழுந்தான். தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டு கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினான்.

"உக்காருய்யா" என்றாள் ஹெட்டி, கண்ணைத் துடைத்தபடி. "அவன் மூஞ்சிய மறைக்கிறே."