பேசாப் படத்துக்கு வந்த குரல்

நனைந்த கித்தான் துணியும் காஸ் விளக்கும் கலந்த வாடைதான் எனக்கு முதலில் நினைவுக்கு வருகிறது. இலங்கை மலைநாட்டுப் பதுளையில் எங்கள் அப்பாவின் துணிக்கடைக்குப் பின்னாலிருந்த வெளியில், நான் சிறுமியாக இருந்த ஒரு வருஷம் ‘பயாஸ்கோப்’ கொட்டகை போட்டிருந்தார்கள். ஊமைப் படங்கள்தாம். திரையோரம் அமர்ந்து, படத்துக்கு ஏற்ப ஆர்மோனியம் வாசித்தவர் வேலாயுதம். ஒல்லியான மனிதர், எல்லா மெட்டும் அவரே கட்டியவை.

அப்போது ஓடிய படத்தில், குழந்தையை வெள்ளத்தில் பறிகொடுத்த தாய் வெறும் தொட்டிலை ஆட்டும் கட்டம் ஒன்று உண்டு. அதற்கு அவர் தாலாட்டு போல ஒன்றை மெல்ல வாசிப்பார். கொட்டகை முதலாளிக்கு அது பிடிக்கவில்லை. “இது என்ன எழவு வீடா? விறுவிறுன்னு வாசி. இன்னொரு தடவ இழுத்தியோ, பொட்டியத் தூக்கிக்கிட்டுக் கெளம்பிரு” என்று அவர் கத்தியது எங்கள் கடைவரை கேட்டது.

அடுத்த ஞாயிறு மாலை, தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளான லயங்களிலிருந்து வந்த சனம் கொட்டகையை நிறைத்திருந்தது. நான் அப்பாவின் பக்கத்தில் இருந்தேன். தொட்டில் திரையில் தெரிந்ததும் வேலாயுதத்தின் கைகள் ஒரு கணம் நின்றன. பிறகு அதே தாலாட்டைத்தான் வாசித்தார்.

முதலாளி எழுந்து அவரை நோக்கி நடந்தார். அதற்குள் தரையில் இருந்த பெண்களின் நடுவிலிருந்து ஒரு குரல், அந்த மெட்டுக்குள் தன் சொந்த வார்த்தைகளை வைத்துப் பாடத் தொடங்கியது. கொழுந்து பறிக்கும் பெண் ஒருத்தி, பிள்ளையைப் பறிகொடுத்தவள் என்று பிறகு அறிந்தோம். திரையில் தாயின் உதடு அசைய, இங்கே பாட்டு எழுந்தது. முதலாளி நடுவழியிலேயே நின்றுவிட்டார்.

“பொம்மைக்கு வாய் வந்துருச்சும்மா” என்றார் அப்பா, என் கையை இறுகப் பிடித்தபடி.

படம் முடிந்ததும் அந்தப் பெண் ஆர்மோனியத்தின் அருகே வந்தாள்.

“அண்ணே, எங்க லயத்துப் பாட்டு மாதிரியே இருக்குங்களே?”

“நானும் லயத்துல பொறந்தவன்தான் தாயி. மெட்டு நான் கட்டுனது. பாட்டு உன்னுது.”

முதலாளி அவரைப் போகச் சொல்லவில்லை. தொட்டில் கட்டத்துக்கு இனி அதையே வாசிக்கச் சொன்னார்.

பேசும் படம் வந்தபின் வேலாயுதம் சென்னைப் பட்டணம் போய், இரண்டு படங்களுக்கு இசையமைத்தார். விளம்பரத் தாளில் நடிகர்கள் பெயர்தான் இருந்தது. அந்தப் படச்சுருள்கள் இன்று எங்கும் இல்லை என்கிறார்கள். பதுளையில் கொட்டகை இருந்த இடத்தில் கடைகள் எழும்பிவிட்டன. அண்மையில் அங்கே நின்று அவர் பெயரைச் சொன்னபோது, வியாபாரம் பார்த்துக்கொண்டிருந்த இளைஞன், “யாருங்க அது?” என்று மரியாதையாகத்தான் கேட்டான்.