தவிட்டுக்கு விற்ற மகளை ஆத்தா மீட்டுத் தந்தாள்

ஆத்தாவின் பிள்ளைகளே, எனக்கு நடந்ததை உங்களுக்கு எழுதுகிறேன். போன ஆடி வரைக்கும் என் மகள் இனி எனக்கில்லை என்றே நினைத்திருந்தேன்.

என் முதல் பிள்ளை தங்கவில்லை. இவளாவது தங்கட்டும் என்று இரண்டாவதாகப் பிறந்தவளை எங்கள் வழக்கப்படி, திருச்சுழிப் பக்கம் எங்கள் ஊர் மாரியம்மன் கோவில் வாசலில், நாத்தனாருக்குத் தவிட்டுக்கு விற்றோம். ஒரு பிடி தவிடு என் முந்தியில் விழுந்தது. பிள்ளை அவர் மடிக்குப் போனது. பெயருக்குத்தான் விற்பது, வளர்ப்பது பெற்றவள்தான். மூன்று வயதில் புதுச் சேலை கொடுத்து மீட்டிருக்க வேண்டும். அந்த நேரம் பார்த்து என் வீட்டுக்காரர் லோடு வண்டியிலிருந்து விழுந்து ஆஸ்பத்திரியில் கிடந்தார். அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன். புத்திகெட்டவள் நான்.

அவர் பிழைக்கவில்லை. வைத்தியத்துக்கு வாங்கிய மகளிர் குழு லோன் மட்டும் நின்றது. தவணை கேட்டு குழுப் பெண்கள் வாசலில் வந்து உட்கார்ந்தார்கள். வேறு வழியில்லாமல் மகளை மல்லாங்கிணற்றில் நாத்தனார் வீட்டில் விட்டுவிட்டு, அருப்புக்கோட்டை நூல் மில்லில் சேர்ந்து விடுதியில் தங்கினேன். ஒரு வருஷம் கழித்துக் கூப்பிடப் போனால், பிள்ளையில்லாத நாத்தனார் வாசலை மறித்து நின்றார்.

"தவிட்டுக்கு வாங்குனவ நானு. நீ இன்னும் மீக்கலையேத்தா. கடங்காரி வீட்டுக்குப் பிள்ளைய எப்படி அனுப்ப?"

மகள் அவர் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். அடுத்த மாதம் திருப்பூருக்குக் குடிபோகிறார்கள் என்று கேள்விப்பட்டதும் இனி பிள்ளை கைக்கு வராது என்று பயந்துபோனேன். ஊர்க் கோவிலுக்கு ஓடினேன். விற்றதைப் பார்த்தவள் நீதானே, நீயே மீட்டுக் கொடு என்று ஆத்தா முன்னால் விழுந்து கிடந்தேன்.

மூன்றாம் நாள் நாத்தனார் போன் செய்தார். "பிள்ளைக்கு அம்மை போட்டிருக்கு. ஆத்தா எதுக்கோ வந்துட்டா. எனக்குப் பயமாருக்கு, நீ வா."

நான் கேட்டதுதான் பிள்ளை உடம்பில் இறங்கிவிட்டதோ என்று பஸ்ஸில் வழியெல்லாம் செத்துப் பிழைத்தேன். டாக்டர் கொடுத்த மருந்தும் வேப்பிலையுமாக இருவரும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டோம். அம்மை இறங்கி மூன்றாம் தண்ணீர் ஊற்றிய அன்று, கோவிலில் வைத்து மீட்டுக்கொள் என்று நாத்தனாரே கிளம்பினார். மில் சம்பளத்தில் எடுத்த சேலையைத் தட்டில் வைத்துக் கொடுத்தேன். அவர் அழுதுகொண்டே மகளை என் முந்தியில் விட்டார்.

கடன் இன்னும் இருக்கிறது, விடுதியை விட்டு வெளியே தங்கி மில்லுக்குப் போய் அடைத்துக்கொண்டிருக்கிறேன். திருப்பூரிலிருந்து ஞாயிறுதோறும் நாத்தனார் பேசுவார். போனை மகளிடம் கொடுத்துவிடுவேன். அவரும் அழுதவர்தானே.

பயந்து கிடக்கிறவர்களே, பயம் தெளியட்டும் என்று காத்திருக்காதீர்கள். நடுங்கிக்கொண்டே போய் ஆத்தா காலில் விழுங்கள். நான் அப்படித்தான் விழுந்தேன். இப்போது என் மகள் என்னோடு ஒரே பாயில் படுக்கிறாள்.