பவளம் பார்க்காத முகம்

சினிமாவில் வேலை என்றதும், வசந்த்குமார் நடிகைகளோடு நின்று போட்டோ எடுத்துக்கொள்வான் என்று திருப்புலிவனம் காலனியே நினைத்தது. அட போங்கள், அவனுக்கு வாய்த்ததெல்லாம் பிணம்தான். சென்னை ஸ்டுடியோவில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, உயிரோடு படுத்திருக்கும் நடிகனைச் செத்தவனாக்குவது அவன் தொழில். எரிந்த குடிசை, தண்டவாளத்தில் கிடந்த பையன், லாக்கப்பில் அடிபட்ட முதுகு என்று மற்றவர்கள் தள்ளிவிட்டதெல்லாம் அவன் மேஜைக்கு வந்து சேரும். "உனக்குத்தான் கை நடுங்காது" என்பார்கள். அவனுக்குச் சோறு இறங்காத நாட்கள் அவர்களுக்கு எங்கே தெரியும்?

அவன் அப்பா அருள்தாஸ், உத்திரமேரூரில் ஒரு கல்யாண மண்டபத்துக் கழிவுநீர்த் தொட்டிக்குள் இறங்கி விஷவாயுவில் செத்தவர். காலனியில் பெட்டியை மூடுமுன் "மூஞ்சி பாக்கறவங்க வந்து பாத்துக்குங்க" என்று குரல் கொடுப்பது வழக்கம். அன்று அந்தக் குரல் எழவில்லை. ஆஸ்பத்திரியிலேயே ஆணியடித்த பெட்டியை நேரே கல்லறைக்குத் தூக்கிப் போனார்கள். அடையாளம் காட்ட உள்ளே போனவன், பன்னிரண்டாவது படித்துக்கொண்டிருந்த வசந்த் மட்டும்தான். "உங்கப்பன் எப்பிட்றா இருந்தாரு?" என்று அம்மா பவளம் கேட்டபோது, "தூங்கிக்கினு இருந்தாரும்மா" என்று சொல்லிவிட்டான். அந்தப் பொய்யைப் பிடித்துக்கொண்டுதான் அவள் இத்தனை வருஷமும் நடவுக்குப் போய்வந்தாள். அது உடைந்தால் அவளும் உடைந்துபோவாள் என்று அவன் பயந்தான்.

பாழாய்ப்போன நேரம், போன வருஷம் கைக்கு வந்த படத்தில் அதே தொட்டிச் சாவு. "பொம்மை மாதிரி வேணாம், நெஜமா வேணும்" என்றார் டைரக்டர். இந்த வேலையில் மாதிரிக்கு நிஜப் படங்களைத் திறந்து வைத்துக்கொள்வார்கள். வசந்த் எதையும் திறக்கவில்லை. கை தன்பாட்டுக்கு நடிகன் முகத்தை உப்பவைத்தது, உதட்டைக் கறுப்பாக்கியது, கண்ணைத் திறந்து வைத்தது. அப்பாவின் இடது புருவத்தில் அரிவாள் கிழித்த பழைய தழும்பையும் சேர்த்துவிட்டது. அதை அவன் கவனிக்கவே இல்லை.

படம் உத்திரமேரூருக்கு வந்தது.

"வாணாம்மா, பேஜார் புடிச்ச படம்."

"எம்புள்ள செஞ்ச வேலைய நான் பாக்காம வேற யாரு பாப்பாங்க?" என்று நல்ல புடவையாகக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

யாரோ நடிகன் முகம்தானே என்று மனசைத் தேற்றிக்கொண்டு அவனும் பக்கத்தில் உட்கார்ந்தான். தொட்டியிலிருந்து உடலைத் தூக்கினார்கள். திரை நிறைய அந்தப் புருவம். ஐயோ, நானே காட்டிக்கொடுத்துவிட்டேனே என்று அம்மாவைத் திரும்பிப் பார்த்தான்.

பவளம் முந்தானையால் வாயைப் பொத்தியபடி கடைசிவரை பார்த்தாள். பஸ் ஸ்டாண்டில் வந்து உட்கார்ந்த பிறகுதான் பேசினாள்.

"கண்ணு மூடலியாடா?"

மறுபடி பொய் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. "இல்லம்மா."

"இத்தினி வர்சமா இத நீ ஒண்டியா வச்சிக்கினு இருந்தியா?" என்று அவன் தலையைத் தடவினாள். "உன் கம்ப்யூட்டர்ல அந்தக் கண்ண மூடமுடியுமா நைனா?"

"படம் வந்துடுச்சே, இனிமே மாத்த முடியாதும்மா."

"படத்துக்கு இல்ல. எனக்கு."

ஸ்டுடியோவை விட்டு வெளியே போகக்கூடாத அந்தக் காட்சியை மட்டும், வேலை போனால் போகட்டும் என்று, லேப்டாப்பில் வீட்டுக்கு எடுத்து வந்தான். பவளம் பார்த்திருக்க, உதட்டின் கறுப்பை எடுத்தான், வீக்கத்தை வடித்தான், இமைகளை இறக்கினான். எத்தனையோ பிணங்களைச் செய்த கை அப்போது நடுங்கியது.

பவளம் அந்த முகத்தை ஆசைதீரப் பார்த்தாள். பிறகு எழுந்துபோய் வாசலில் நின்று, தெரு முழுக்கக் கேட்கும்படி குரல் கொடுத்தாள்.

"மூஞ்சி பாக்கறவங்க வந்து பாத்துக்குங்க!"