சேராத எலும்பின் ஏழாவது எழுத்து

2024 பிப்ரவரி 8, வியாழக்கிழமை, காலை மணி ஆறு இருபது. மூடுபனி. காசிமேட்டில் வரிசையாக நின்ற விசைப்படகுகளில் முதல் நான்குதான் கண்ணுக்குத் தெரிந்தன. அதற்கப்பால் வெறும் வெள்ளை. காற்று இல்லை. ஐஸ் உருகிய தண்ணீரில் இடது செருப்பு வழுக்கியது. வலது கையை ஊன்றி விழுந்தேன்.

"பாத்து வரக்கூடாதா நைனா? சங்கரா எங்க ஓடிடப் போவுது?" மீன்காரம்மா தூக்கி விட்டாள். "கை இன்னா ஆச்சு? ஆட்டு பாப்போம்."

ஆட்டினேன், ஆடியது. ஆடுகிற கை முறிந்திருக்காது என்று நானே தீர்மானித்து, அரைக் கிலோ சங்கரா மீன் வாங்கிக்கொண்டு ராயபுரத்துக்கு நடந்தே வந்தேன். மாலைக்குள் கட்டைவிரலின் அடிப்பகுதி வீங்கிவிட, ஆஸ்பத்திரிக்குப் போனேன்.

மணிக்கட்டில் சிறிய எலும்புகள் எட்டாம். அதில் முந்திரிப் பருப்பு மாதிரி வளைந்த ஒன்று முறிந்திருந்தது. அதற்கு ரத்தம் வருகிற வழி குறைவு, மெதுவாகத்தான் சேரும் என்றார் டாக்டர். முழங்கைக்குக் கீழிருந்து கட்டைவிரலையும் மூடி மாவுக்கட்டு போட்டார்கள். பன்னிரண்டு வாரம், எண்பத்து நாலு நாள்.

நாள் எண்ணுவது எனக்குக் கஷ்டமில்லை. துறைமுகத்தில் முப்பத்தோரு வருடம் டாலி கிளார்க்காக இருந்தவன். கப்பலிலிருந்து இறங்கும் மூட்டைகளை எண்ணி எழுதுவதுதான் வேலை. அன்றைக்கே காலண்டரில் விரல் வைத்து எண்ணினேன். மே 2 வந்தது. ஆனால் போகிற வழியில் ஏப்ரல் 6 இருந்தது. ஐம்பத்தெட்டாம் நாள். என் மனைவியின் மூன்றாம் வருடத் திதி. முதல் இரண்டு வருடமும் மனம் வராமல் கோயிலில் பணம் கட்டியதோடு சரி; என் கையால் கொடுப்பது இதுதான் முதல்.

அவள் போனது கொரோனா இரண்டாம் அலையில். ஆஸ்பத்திரி வாசல்வரை நான் பிடித்திருந்த கையை வாங்கி உள்ளே கூட்டிக்கொண்டு போனார்கள். பதினோராம் நாள் கட்டிய பையாகக் கொடுத்தார்கள். மயானத்தில் எனக்கு மட்டும் அனுமதி; மகளுக்கும் அப்போது காய்ச்சல், மாத்தூரில் தன் வீட்டு அறைக்குள் அடைந்து கிடந்தாள். இரண்டு நிமிடம் என்றார்கள், இரண்டு நிமிடம்கூட முழுதாக இல்லை. ரப்பர் கையுறை போட்டுக்கொண்டுதான் அரிசி போட வேண்டும் என்றார்கள். வாய் எங்கே இருக்கிறது என்று தெரியாமல் பையின் மேலே போட்டேன். அந்தக் கையுறைக்குள் எனக்கு அரிசியும் தெரியவில்லை, அவளும் தெரியவில்லை.

திதியன்று எள்ளும் தண்ணீரும் வலது கையில் கட்டைவிரல் பக்கமாக வழிய வேண்டும். அந்த விரல்தான் மாவுக்குள் இருந்தது. திருவொற்றியூர் கடற்கரையில் திதி செய்து வைக்கிற ஐயரைப் போய்க் கேட்டேன்.

"கட்டோடயே குடுங்கோ, பாதகமில்ல. மனசுதான் சாட்சி. இல்லேன்னா பங்காளி யாராவது இருந்தா அவர் கையால குடுக்கலாம்."

பாதகமில்லைதான். எனக்குத்தான் முடியவில்லை. இன்னொரு தடவையும் கையை மூடிக்கொண்டு அவளுக்குக் கொடுப்பதா?

ஏப்ரல் 6 காலை நாலரைக்கு எழுந்து, வாளியில் வெந்நீர் ஊற்றிக் கையை ஐம்பது நிமிடம் ஊற வைத்தேன். மாவு கூழாகி, துணி சுற்றுச் சுற்றாகப் பிரிந்து வந்தது. பதினாறு சுற்று. உள்ளே இருந்த தோல் வெளுத்துச் சுருங்கி வேறு யாருடையதோ போல இருந்தது. விரலை அசைத்தால் வலித்தது. பேருந்தில் கையை மடியில் ஏந்திக்கொண்டு போனேன்.

தண்ணீர் விரல் வழியாக இறங்கியபோது குளிர்ந்தது. அதை எப்படி எழுதுவதென்று தெரியவில்லை. மூன்று வருடமாக நான் தேடியது அந்தக் குளிர்ச்சியைத்தான் என்று தோன்றியது. ஐயர் மூன்று முறை ஊற்றினார். நாலாவது முறை ஊற்றச் சொல்லிக் கேட்டேன், அவர் ஒரு மாதிரி பார்த்துவிட்டு ஊற்றினார். உள்ளங்கையில் எள் ஒட்டியிருந்தது. பதினொன்று. கழுவ மனம் வராமல் அப்படியே வீட்டுக்கு வந்தேன்.

மகளிடம் கட்டை ஆஸ்பத்திரியில் பிரித்துவிட்டார்கள் என்றேன். தொண்ணூறாம் நாள் டாக்டரிடம் போய், "பிரிச்சாச்சு" என்று மொட்டையாகச் சொன்னேன். யார் பிரித்தது என்று அவர் கேட்கவில்லை. ஆகஸ்டில் அடிபம்பை இரண்டு அடிக்கு மேல் அடிக்க முடியாமல் போயிற்று. மறுபடி படம் எடுத்தார்கள். எலும்பின் இரண்டு துண்டுக்கும் நடுவே கறுப்பாக ஒரு கோடு. சேரவில்லை. இடுப்பிலிருந்து எலும்பு எடுத்து வைத்துத் திருகாணி போட வேண்டும் என்றார். காப்பீட்டுக் கம்பெனிக்கு எழுதினார்கள். விண்ணப்பம் திரும்பி வந்துவிட்டது.

மகள் ஞாயிறு மதியம் வந்து காகிதங்களைத் தரையில் பரப்பினாள். அவள் மெடிக்கல் கோடிங் வேலையில் ஏழு வருடமாக இருக்கிறாள். அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் சீட்டுகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய எண்ணைப் போடுவது. நான் மூட்டையை எண்ணினேன், அவள் வியாதியை எண்ணுகிறாள் என்று அவள் அம்மா சொல்வாள்.

"ஆஸ்பத்திரில புதுசா வுழுந்த மாதிரி எழுதிக்கிறாங்கப்பா. ஆறு மாசத்துக்கு முன்னாடி வுழுந்ததுக்கு இப்ப இன்னா புது முறிவுன்னு கேக்கறான். எங்க ஆபீஸ்ல இதுக்குப் போடற எண்ணுல ஏழு இடம். எந்த எலும்பு, எந்தக் கை எல்லாம் முன்னாடி வந்துரும். கடைசி இடத்துல ஒரு எழுத்து. மொத வாட்டின்னா ஏ. நல்லா சேந்துகினு வந்தா டி. லேட்டானா ஜி. சேரவே இல்லன்னா கே. உனுக்கு கே."

ஏழாவது இடத்தில் கே. கையைப் பார்த்துக்கொண்டேன்.

"அப்பால, சொன்ன நாள் வரிக்கும் கட்டு இருந்துச்சான்னு டாக்டர் எழுதிக் குடுக்கணுமாம். அவ்ளோதான், இருந்துச்சுன்னு எழுதிட்டா முடிஞ்சிது."

"இல்லை" என்றேன்.

"இன்னா இல்ல?"

சொன்னேன். வாளி, வெந்நீர், கடற்கரை, எல்லாம். அவள் முகம் சிவந்தது.

"உனுக்கு அறிவு கீதாப்பா? அறுவத்தொம்பது வயசாவுது! இன்னும் இருவத்தாறு நாளு பொறுத்தா இன்னா?"

"திதி பொறுக்காதே."

"இந்த எகத்தாளத்துக்கு மட்டும் குறைச்சல் இல்ல." காகிதங்களை அடுக்கினாள், மறுபடி கலைத்தாள். பிறகு குரல் இறங்கிவிட்டது. "எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்ல? நானும் வந்து பக்கத்துல நின்னிருப்பேன். அன்னிக்கு மயானத்துலயும் நான் இல்ல, இப்ப திதிக்கும் இல்ல."

ஏங்கிக் கிடந்தது நான் ஒருவன் மட்டும் என்று எண்ணியிருந்தேன். என் கணக்கில் விழுந்த பிசகு அதுதான்.

சிகிச்சையை நோயாளி தானாகக் கைவிட்டால் அதற்கும் எண் உண்டா என்று கேட்டேன்.

"கீது. காசு இல்லாம வுட்டா ஒண்ணு. மத்ததுக்கு, பிற காரணம்னு ஒண்ணு."

"பிற காரணம் என்னவென்று எழுத இடம்?"

"இல்லப்பா."

செவ்வாய்க்கிழமை இருவரும் ஆஸ்பத்திரிக்குப் போனோம். காப்பீட்டு மேசையில் இருந்தவர் நான் சொன்னதைக் கேட்டுவிட்டுப் பேனாவைக் கீழே வைத்தார்.

"இன்னா நைனா நீ, தானா வந்து மாட்டிக்கினு கீற? முழுசா கட்டு இருந்துச்சுன்னு ஒரு வரி. நீ பிரிச்சத யாரு பாத்தா? கம்பெனி துட்டு குடுத்துட்டுப் போவான். இப்புடிச் சொன்னா ஒத்த ரூபா வராது, பேஜாரு."

அவர் நல்லதற்குத்தான் சொன்னார். அந்தத் தொகை எனக்குச் சிறியதில்லை. ஓய்வூதியத்தில் எத்தனை மாதம் என்று நின்றபடியே வகுத்துப் பார்த்தேன். ஆறு மாதத்துக்கு மேலே. ஒரு வரிதான். ஆனால் அந்த வரி எழுதப்பட்டால், ஏப்ரல் 6 காலை என் கை மாவுக்கட்டுக்குள் இருந்தது என்று ஆகிவிடும். தண்ணீர் அதன் மேல் படவில்லை என்று ஆகிவிடும். அவளுக்கு நான் வெறும் கையால் கொடுத்தது அந்த ஒரு காலையில்தான். அதை நானே இல்லை என்று சொல்ல வேண்டுமா?

மகளைப் பார்த்தேன். திட்டப் போகிறாள் என்றுதான் நினைத்தேன்.

"அப்பா சொல்றதயே எழுதுங்கண்ணா" என்றாள்.

டாக்டர் எழுதிக் கையெழுத்திட்டார்: ஐம்பத்தெட்டாம் நாள் நோயாளி தானே கட்டை அகற்றினார், காரணம் மனைவியின் திதி. காரணம் வேண்டாமே என்றார், நான்தான் கேட்டு எழுத வைத்தேன். பத்தொன்பதாம் நாள் கம்பெனியிலிருந்து பதில் வந்தது. மருத்துவ ஆலோசனைக்கு மாறாக நடந்ததால் தொகை வழங்க இயலாது.

அறுவை சிகிச்சை செப்டம்பரில் முடிந்தது. மகள் பாதியைத் தருகிறேன் என்றாள், சண்டை போட்டாள், நான் வாங்கவில்லை. அவளைக் கூப்பிடாமல் போனதற்கு அதுவாவது என் தலையில் இருக்கட்டும். ஜனவரியில் எடுத்த படத்தில் அந்தக் கறுப்புக் கோடு இல்லை. இடுப்பு எலும்பு, திருகாணி, மூன்று நாள் அறை வாடகை, பயிற்சி எல்லாம் சேர்த்து ஒரு லட்சத்து நாற்பத்தாறாயிரத்து எண்ணூற்று எழுபது ரூபாய்.