முறத்தில் வந்த பெயர்

கொன்னோ சுதேகிச்சி ஓட்டும் பஸ்ஸில் ஏறுகிறவர்கள் அவர் முகத்துக்கு முன்னால் அவர் பெயரைத்தான் பார்ப்பார்கள். முன் கண்ணாடிக்கு மேலே ஓட்டுநரின் பெயர்ப்பலகை தொங்க வேண்டும் என்பது கம்பெனி விதி. ஜப்பானியச் சித்திர எழுத்தில் அந்தப் பெயர் இரண்டே எழுத்து. முதல் எழுத்து 'சுதே', எறிவது என்று பொருள். 'குப்பையை இங்கே எறியாதீர்' என்று தெருமுனைகளில் எழுதி வைத்திருக்கும் அதே எழுத்து. இரண்டாவது 'கிச்சி', நல்ல காலம் என்று பொருள். கோயிலில் குறிச்சீட்டு எடுத்தால் வருமே, அது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் இரண்டாவதை விட்டுவிடுவார்கள். "டிரைவர், எங்களை எங்க எறியப் போறீங்க?" என்று கேட்டுவிட்டு இறங்கி ஓடுவார்கள்.

சுதேகிச்சிக்குக் கோபம் வராது. கேட்டவர் நின்று கேட்கிற ஆளாக இருந்தால் கடைசி நிறுத்தத்தில் எஞ்சினை அணைத்துவிட்டு விளக்கம் சொல்வார். அவர் பிறந்தபோது அப்பாவுக்கு நாற்பத்தொரு வயது. அடுத்த வருஷம் நாற்பத்திரண்டு, ஆண்பிள்ளைக்கு ஆகாத கண்டம். பிறந்ததுமே ஒரு வயது என்று எண்ணும் பழைய கணக்கில் அந்த வருஷம் இரண்டு வயதாகும் மகன் வீட்டில் இருந்தால் அப்பனை விழுங்கும், இல்லை அப்பன் மகனை விழுங்குவான். அதனால் பெற்றவர்களே பிள்ளையை முறத்தில் போட்டு நாற்சந்தியில் வைத்துவிடுவார்கள். முன்பே சொல்லிவைத்த பக்கத்து வீட்டுக்காரர் துடைப்பத்தோடு வந்து குப்பையைப்போல் கூட்டி அள்ளிக்கொண்டு போவார். மறுநாள் யாரோ பெற்ற பிள்ளையாக அதைத் திருப்பிக் கொடுப்பார். 'எறிந்தது' என்று பெயரும் வைத்துவிட்டால், இது இந்த வீட்டுப் பிள்ளை இல்லை என்று தெய்வம் நம்பிப் போய்விடும்.

"என்னை வேண்டாம்னு எறியல, வேணும்னுதான் எறிஞ்சாங்க" என்று முடிப்பார். ஆறு வயதில், பள்ளிக்கூடத்திலிருந்து அழுதுகொண்டு வந்த நாளில், அம்மா சொன்ன கதை இது. அதற்கு முன்னும் பின்னும் அம்மா அவரிடம் கனிவாக ஒரு வார்த்தை சொன்னதாக அவருக்கு நினைவில்லை. அதனால் அந்தக் கதையை அவர் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தார். குடும்பப்பெயரை மட்டும் பலகையில் போட்டுக்கொள்ளலாமே என்று மேலாளர் ஒருமுறை இதமாகச் சொன்னபோது கூட மறுத்துவிட்டார்.

ஐம்பத்தொன்றாவது வயதில் பேரன் பிறந்தான். மகன் நோரியாகி செண்டாய் நகரத்தில் வேலை பார்த்தான். ஆண் குழந்தை பிறந்தால் உங்கள் பெயரில் பின்பாதியை வைக்கிறேன் அப்பா என்று மருமகள் மிசுயே கருவுற்றிருந்தபோதே சொல்லியிருந்தான். ரியோகிச்சி. தெளிவும் நல்ல காலமும். சுதேகிச்சி பஸ் அட்டவணையின் பின்பக்கத்தில் அந்தப் பெயரை எழுதி எழுதிப் பார்த்தார். அவரிடமிருந்து யாரும் எதையும் விரும்பி எடுத்துக்கொண்டது அதுதான் முதல் தடவை.

பேர்வைக்கும் ஏழாம் நாள் விருந்து மிசுயேயின் தாய்வீட்டில் நடந்தது. அவளுடைய அப்பா ஓனோதேரா, ஓய்வுபெற்ற துணைத் தலைமையாசிரியர். சிவப்புப் பயறு கலந்த சோறும் முழுசாகச் சுட்ட மீனும் ஆறிக்கொண்டிருக்க, அவர் ஒரு சுருளை விரித்தார். ஆறு பெயர்கள், ஒவ்வொன்றின் பக்கத்திலும் எழுத்தில் எத்தனை கோடு, கூட்டினால் என்ன பலன் என்று சிவப்பு மையில் குறிப்பு. நோரியாகி தயங்கித் தயங்கி ரியோகிச்சி என்றான்.

ஓனோதேரா சம்பந்தி பக்கம் திரும்பிச் சிரித்தார். "எறிஞ்சதுல மிச்சம் பாதி இருக்கே, அதையா சம்பந்தி குழந்தைக்குக் குடுக்கறீங்க?"

சுதேகிச்சி வழக்கமான விளக்கத்தைச் சொன்னார். பஸ்ஸில் சொல்வதைவிட நிதானமாக, முறம், துடைப்பம் எல்லாம் விடாமல் சொன்னார். ஓனோதேரா கண்ணை மூடிக்கொண்டு, மாணவன் ஒப்பிப்பதைக் கேட்பதுபோல் கேட்டார். அந்தச் சடங்கு தனக்கும் தெரியும் என்றார். நாற்பத்தொன்றில் பிள்ளை பெற்றவனுக்குத்தான் அது, மற்றபடி 'எறி' என்று பெயர் வைத்த வீடுகளில் வேறு காரணம் இருக்கும் என்றார்.

"உங்கப்பாவுக்கு அப்ப நாப்பத்தொண்ணுதானே?"

"நாப்பத்தொண்ணு."

"அப்ப சிரமமே இல்ல. உங்க ஊர் அலுவலகத்துல பழைய குடும்பப் பதிவேட்டு நகல் ஒண்ணு எடுத்துட்டு வாங்க. அதுல அந்த வயசு இருந்தா நானே தூரிகை எடுத்து ரியோகிச்சின்னு எழுதறேன்."

பிறப்பைப் பதியப் பதினான்கு நாள்தான் கெடு. ஏழு போய்விட்டது. குழந்தையின் பெயரை எழுதி ஒட்ட வேண்டிய தாளை வெறுமையாகவே சுவரில் ஒட்டினார்கள்.

பத்தாம் நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு சுதேகிச்சி சொந்த ஊருக்கு ரயில் ஏறினார். இரண்டரை மணி நேரம். அப்பாவின் வயதை அவர் ஒருநாளும் காகிதத்தில் பார்த்ததில்லை. அவருக்கு ஐந்து வயதாகும்போது அப்பா இறந்துவிட்டார். கூனிய முதுகும் பல் போன வாயும்தான் நினைவு. இறந்த வயதை எழுதிய நினைவுப்பலகை இருந்த மூத்த அண்ணன் வீடு எப்போதோ தீப்பிடித்து எரிந்துபோனது. அந்தக் கிழவருக்கு நாற்பத்தொன்று என்பதே குறைச்சல் என்று எண்ணிக்கொண்டிருந்தார்.

அலுவலகத்தில் ஓர் இளம்பெண் நகலைக் கொடுத்தாள். அப்பா பிறந்தது 1903. சுதேகிச்சி பிறந்தது 1935 ஜனவரி. அவர் சன்னலோரம் நின்று விரலை மடக்கினார். பழைய கணக்கில் எண்ணினாலும் முப்பத்து மூன்று. திரும்ப எண்ணினார். எழுத்துப்பிழை இருக்குமா என்று அந்தப் பெண்ணிடம் கேட்டார். அவள் மூலப் பதிவேட்டையே எடுத்துவந்து காட்டினாள். பிழை இல்லை.

அதே ஊரில், ஸ்டேஷனுக்குப் பின்னால் அவருடைய அக்கா தொயோ தனியாக இருந்தாள். உடன்பிறந்தவர்களில் மிஞ்சியவள் அவள் ஒருத்திதான். அவரைவிடப் பதினோரு வயது மூத்தவள். வாசலில் உட்கார்ந்து முள்ளங்கிகளை வைக்கோல் கயிற்றில் கோத்துக்கொண்டிருந்தாள். அவர் நகலை நீட்டினார். அவள் கை ஈரமாக இருந்ததால் அவரையே படிக்கச் சொன்னாள். படித்தார்.

"முப்பத்து மூணு. சரியாத்தான் எழுதி வெச்சிருக்கான்" என்றாள்.

"அப்ப அந்த நாற்சந்தி, சடங்கு?"

"எந்த நாற்சந்தி? நம்மூர்ல பாதையே ஒண்ணுதாண்டா."

கயிற்றை இழுத்து முடிச்சுப் போட்டுவிட்டு அவள் சொன்னாள். முந்தின கோடையில் நெல் பால் பிடிக்கவில்லை. வெயில் கொளுத்த வேண்டிய நாளில் எல்லோரும் பஞ்சுச் சட்டை போட்டுக்கொண்டு திரிந்தார்கள். அறுவடை வெறும் பதர். தவிட்டையும் காட்டுக்கொட்டையையும் இடித்துத் தின்ற அந்த வீட்டில் ஐந்து பிள்ளைகளுக்குப் பிறகு ஆறாவதாக இவர் பிறந்தார். அம்மாவுக்குப் பால் இல்லை. ஒன்பதாம் நாள் அப்பா அம்மாவிடம் ஒரு வார்த்தை சொன்னார். அம்மா தொயோவிடம் சொன்னாள். எங்கே என்று இருவருமே சொல்லவில்லை.

"நாந்தான் ஒன்னத் தூக்கிட்டுப் போனேன்" என்றாள் தொயோ. "ஆத்தத் தாண்டி, மரம் இழுக்கற சறுக்குவண்டிப் பாதையோரம் வெச்சேன். பனி கொட்டுது. வெறும் பனியில வைக்க எனக்கு மனசு வரல. மொறத்தோட வெச்சுட்டு வந்துட்டேன். அதான் நான் செஞ்ச தப்பு."

அந்தப் பக்கத்தில் முறம், கலயம், மண்வெட்டிக் கைப்பிடி எதுவானாலும் வீட்டுக்குறியைச் சூடு போட்டு வைப்பது வழக்கம். மரவண்டிக்காரன் ஒருவன் பிள்ளையைக் கண்டெடுத்துக் காவல் சாவடியில் கொடுத்தான். போலீஸ்காரர் பிள்ளையைப் பார்க்கவில்லை, முறத்தைத் திருப்பிப் பார்த்தார். மத்தியானத்துக்குள் ஒரு கையில் பிள்ளையும் மறு கக்கத்தில் முறமுமாக வாசலில் வந்து நின்றார்.

"அம்மா என்ன செஞ்சா?" என்று சுதேகிச்சி கேட்டார்.

"மொதல்ல மொறத்த வாங்கி உள்ள வெச்சா."

அப்புறம், ஆண்கள் முன்னால் வாயே திறக்காத அந்த அம்மா, இது சடங்குதான் ஐயா என்று சொல்லிவிட்டாளாம். போலீஸ்காரர் அப்பாவின் முகத்தைப் பார்த்தார். பொறுக்கிக்கொள்வதாக ஏற்பாடு செய்த ஆள் யார் என்று கேட்டார். பிள்ளைக்குப் பெயர் என்ன என்று கேட்டார். சடங்கென்று சொன்ன பிறகு வேறு என்ன பெயர் சொல்ல முடியும்? 'சுதே' என்றாள் அம்மா. அவர் சிரித்துவிட்டார்.

"ஆம்பளப் புள்ளைக்கு அது மட்டும் பத்தாது, கிச்சின்னும் சேத்துக்க, நல்ல காலம் இருந்துதானே வண்டிக்காரன் கண்ணுல பட்டான்னாரு. மறுநாள் அவரே அப்பாவைக் கூட்டிட்டுப் போய் எழுத வெச்சாரு. வழக்குன்னு போனா அவருக்குத்தானே எழுத்து வேல."

சுதேகிச்சி நகலை நான்காக மடித்தார். பிறகு, இத்தனை வருஷம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டார்.

"நீ கேக்கல. பஸ்ஸுல ஊருக்கெல்லாம் கத சொல்றன்னு கேள்விப்பட்டேன். சிரிச்சுக்கிட்டேன்." தொயோ அடுத்த முள்ளங்கியை எடுத்தாள். "ஒரு வாய் கொறையணும்னு இருந்துச்சு, நீ திரும்பி வந்துட்ட. பனி உருகினதும் என்னை நூல் மில்லுக்கு அனுப்பிட்டாங்க. நெஞ்சு கெட்டு, பதினேழுல திரும்பி வந்தேன். என் பேருக்கு என்ன அர்த்தம் தெரியுமில்ல? அமோக வெளச்சல்."

அவர் கிளம்பும்போது ஆறு முள்ளங்கிகளைச் செய்தித்தாளில் சுற்றிக் கையில் கொடுத்தாள். வேண்டாம் என்று சொல்ல அவருக்குத் தெம்பில்லை.

வீட்டுக்கு வந்து மனைவி புசாயேயிடம் எல்லாவற்றையும் சொன்னார். அவள் அழவில்லை, யோசித்தாள். "ஏங்க, பதிவேடு எரிஞ்சு போச்சுன்னு சொல்லிடுங்க. அந்தக் காலத்துல எத்தனையோ எரிஞ்சிருக்கு. குழந்தைக்குப் பேராவது கிடைக்கட்டும்." அவருக்கும் அதுதான் வழி என்று பட்டது. நகலைக் கிழிக்க மனம் வராமல் சட்டையின் உள்பையில் வைத்துக்கொண்டார்.

பதினான்காம் நாள் காலை ஓனோதேரா வீட்டுக் கூடத்தில் எல்லோரும் உட்கார்ந்தார்கள். சுதேகிச்சி, பழைய பதிவேடு தீயில் போய்விட்டதாகச் சொன்னார். இரண்டு நாளாகப் பழகி வைத்திருந்ததால் வாக்கியம் தடங்கலில்லாமல் வந்தது.

"அப்படியா" என்றார் ஓனோதேரா. "நான் நேத்து உங்க ஊர் அலுவலகத்துக்கு ஒரு போன் போட்டேன். பழைய ஏடெல்லாம் பத்திரமா இருக்குன்னு ஒரு பொண்ணு சொல்லுச்சு. செவ்வாய்க்கிழமை கூட கொன்னோன்னு ஒருத்தர் வந்து வாங்கிட்டுப் போனாராமே."

புசாயே தலையைக் குனிந்துகொண்டாள். சுதேகிச்சி உள்பைக்குள் கைவிட்டு நகலை எடுத்து மேசைமேல் வைத்தார். ஓனோதேரா மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு வரிவரியாகப் படித்தார், வாய்விட்டு எண்ணினார், முப்பத்து மூன்றில் நிறுத்தினார். அதோடு விடவில்லை. பால் கொடுத்துக்கொண்டிருந்த மகளிடம் காகிதத்தை நீட்டி, நீயும் எண்ணிப் பார் என்றார். அவள் வாங்கவில்லை.

"மாமா, அப்ப உங்க பேருக்கு என்னதான் அர்த்தம்?" என்று கேட்டாள். அவள் கேட்டதில் குத்தல் இல்லை. அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

"எழுதியிருக்கறதுதாம்மா."

வென்றவருக்கு வருகிற தாராளம் ஓனோதேராவுக்கு வந்தது. பொய் சொன்னதைப் பெரிதுபண்ண வேண்டாம், பின்பாதி எழுத்து என்ன பாவம் செய்தது, வேண்டுமானால் வைத்துக்கொள்ளட்டும் என்றார். கோட்டுக் கணக்குக் கூடப் பரவாயில்லையாம். "பாவம், நீங்களும் ஆசைப்பட்டுட்டீங்க." நோரியாகி அப்பாவின் முகத்தையே பார்த்தான். ஒரு தலையசைப்பு போதும். குழந்தை ரியோகிச்சி ஆகிவிடும்.

"வேண்டாம்" என்றார் சுதேகிச்சி. "அது எங்க வீட்டு எழுத்தே இல்ல. ஒரு போலீஸ்காரர் வேடிக்கையா சேர்த்தது. சின்னப் புள்ளைக்கு அது எதுக்கு?"

நோரியாகி ஏதோ சொல்ல வந்தான். அவர் அவனைப் பார்க்காமல் ஓனோதேராவிடம், சுருளை எடுங்கள் என்றார். ஓனோதேரா மூன்றாவது பெயரைத் தேர்ந்தெடுத்துத் தூரிகையால் எழுதினார். அத்சுஷி. அதற்கு ஏழெட்டு விதமாக எழுத்து உண்டு, சாதாரணமானது வேண்டாம் என்று சீனப் பழைய ஏட்டிலிருந்து தேடி எடுத்ததாக விளக்கினார். கெடு முடிய இன்னும் சில மணி நேரம் இருந்தது. சம்பந்திதான் வண்டி ஓட்டுகிறவராயிற்றே, பதிவு அலுவலகத்துக்கு மாப்பிள்ளையைக் கூட்டிப் போகட்டும் என்றும் அவரே சொன்னார்.

சுதேகிச்சி மகனுடைய காரை ஓட்டிப்போய் அலுவலக வாசலில் நிறுத்தினார். நோரியாகி மட்டும் உள்ளே போனான். மழை தூறியது. இருபது நிமிஷம் கழித்து வந்து பக்கத்தில் உட்கார்ந்தான். "முடிஞ்சுதுப்பா" என்றான்.

கூடத்தில் அந்த எழுத்தைத் தான் சரியாகப் பார்க்கவில்லை, எப்படி எழுதுவது என்று சுதேகிச்சி கேட்டார். நோரியாகி ஆவி படிந்த கார்க் கண்ணாடியில் விரலால் எழுதிக் காட்டினான். பதினொரு கோடு. அவர் அதைப் பார்த்து அதன் கீழே எழுதினார்.

"அப்படி இல்லப்பா" என்றான் மகன்.

அவர் மறுபடி எழுதினார். அதுவும் தப்பு.